சொத்துப் பங்கீடு: உறவை முறிப்பவர் யார்?





மதரஸாவில் ஃபராயிள் எனும் வாரிசுரிமைச் சட்டப் பாடத்தை நடத்தும்போது, மாணவர்கள் மிகவும் அஞ்சும் பகுதி ஒன்று உண்டு. 'முனாஸகா' என்பது அதன் பெயர். ஒருவர் இறந்து, அவருடைய சொத்து பிரிக்கப்படுவதற்கு முன்பே அவருடைய வாரிசுகளுள் ஒருவரும் இறந்துவிட்டால், பங்குகளை எவ்வாறு கணக்கிடுவது என்பதே அப்பாடம். இரண்டு மரணங்கள் என்றால் கரும்பலகையின் ஓர் ஓரம் போதும். நான்கு மரணங்கள் என்றால் பலகை முழுவதும் நிறைந்துவிடும். "உஸ்தாத், உண்மையில் இப்படியெல்லாம் நடக்குமா?" என்று ஆண்டுதோறும் ஏதேனும் ஒரு மாணவர் கேட்பார்.

நம்மிடம் கணக்குக் கேட்டு வரும் குடும்பங்களை அவர் பார்த்தால் அந்தக் கேள்வியைக் கேட்கமாட்டார். ஒரே மரணத்தோடு முடிந்த எளிய கணக்கைக் கொண்டு வருவோர் குறைவு. பெரும்பாலோர் முனாஸகாவோடுதான் வருகிறார்கள். அவர்களுள் பலர் வழக்குக் கட்டையும் கையில் ஏந்தி வருகிறார்கள்.

அண்மையில் வந்த ஒரு குடும்பத்தின் நிலையை, அடையாளங்களை மாற்றிச் சொல்கிறோம். தந்தை 4 ஏக்கர் நிலத்தை விட்டு இறந்தார். மனைவி, இரண்டு மகன்கள், ஒரு மகள் ஆகிய நால்வரே வாரிசுகள். அன்றே பிரித்திருந்தால், மதரஸாவின் முதலாண்டு மாணவர்கூட ஐந்து நிமிடத்தில் கணக்கை முடித்திருப்பார். 400 சென்ட்டில் மனைவிக்கு எட்டில் ஒன்றான 50 சென்ட். மீதமுள்ள 350 சென்ட்டில் மகன்களுக்குத் தலா 140 சென்ட், மகளுக்கு 70 சென்ட்.

ஆனால் அன்று எவரும் பிரிக்கவில்லை. "உம்மா இருக்கும்போது பங்கு பேசுவதா?" என்றார்கள். சில ஆண்டுகளில் தாயாரும் இறந்தார். அவருடைய 50 சென்ட்டும் பிள்ளைகளிடமே வந்தது. மகன்களின் பங்கு தலா 160 சென்ட்டாகவும், மகளின் பங்கு 80 சென்ட்டாகவும் ஆயிற்று. அப்போதும் பிரிக்கவில்லை. பிறகு மூத்த மகன், மனைவியையும் ஒரு மகனையும் மூன்று மகள்களையும் விட்டு இறந்தார். இப்போது அந்த நிலத்துக்கு உரியவர்கள் ஏழு பேர். இதற்கிடையில் இளைய மகன் சாலையோரப் பகுதியில் வீடு கட்டிக்கொண்டார். நிலத்தின் மதிப்பும் பலமடங்கு உயர்ந்தது. சகோதரி தம் பங்கைக் கேட்டார், மறுக்கப்பட்டார். பலமுறை கேட்டபின் நீதிமன்றத்தில் பாகப்பிரிவினை வழக்குத் தொடுத்தார். அவர் வழக்குத் தொடுத்த பிறகே, தந்தையார் சாலையோர நிலம் முழுவதையும் இளைய மகனுக்கே எழுதி வைத்ததாகக் கூறும் உயில் ஒன்று வெளியே வந்தது.

இதில் நம்மை அதிகம் வருத்தியது நிலமும் அன்று, உயிலும் அன்று. அந்த ஊரில் அச்சகோதரிக்குக் கிடைத்த பெயர்தான் நம்மை வருத்தியது. "கூடப்பிறந்தவனைக் கோர்ட்டுக்கு இழுத்தவள்" என்பது அப்பெயர். திருமண வீடுகளில் பெண்கள் அவரருகே அமரத் தயங்கினார்கள். பங்கை வைத்துக்கொண்ட சகோதரரோ, பள்ளிவாசலில் வழக்கம்போல் முன் ஸஃப்பில் நின்றார். அவரை எவரும் எதுவும் கேட்கவில்லை.

இக்கட்டுரையில் நாம் சொல்ல விரும்புவது ஒன்றே. உறவை முறித்தவர் யார் என்று தீர்மானிக்கும்போது, நம் சமுதாயம் தவறான ஆளைச் சுட்டிக்காட்டுகிறது. வழக்குத் தொடுத்த நாளில் அந்த உறவு முறியவில்லை. பங்கு மறுக்கப்பட்ட நாளிலேயே அது முறிந்துவிட்டது.

அல்லாஹ் விட்டுவைக்காத கணக்கு

தொழுகையின் ரக்அத்துகளின் எண்ணிக்கையைத் திருக்குர்ஆன் விவரிக்கவில்லை. ஸகாத்தின் அளவுகளையும் விரித்துரைக்கவில்லை. அவற்றை நபி (ஸல்) அவர்களின் வழிமுறையிலிருந்தே அறிகிறோம். வாரிசுரிமையின் பங்குகளையோ பாதி, கால், எட்டில் ஒன்று, மூன்றில் இரண்டு, மூன்றில் ஒன்று, ஆறில் ஒன்று என்று அல்லாஹ்வே பின்னங்களாக எண்ணிச் சொல்லியிருக்கிறான். அந்நிஸா அத்தியாயத்தின் 11, 12, 176 ஆகிய வசனங்களில் அவை இடம்பெறுகின்றன. சொத்து சிறிதாயினும் பெரிதாயினும் ஆண்களுக்கும் பங்குண்டு, பெண்களுக்கும் பங்குண்டு என்றும், அது விதிக்கப்பட்ட பங்கு என்றும் அதே அத்தியாயத்தின் 7ஆம் வசனம் அறிவிக்கிறது. பங்குகளைச் சொல்லி முடித்தவுடன், இவை தன்னுடைய வரம்புகள் என்றும், இவற்றை மீறுவோருக்கு நரகம் உண்டு என்றும் 13, 14ஆம் வசனங்களில் அல்லாஹ் எச்சரிக்கிறான்.

இச்சட்டம் இறங்கிய சூழலையும் நினைவுகூர வேண்டும். உஹதுப் போரில் ஸஅத் பின் ரபீஉ (ரலி) அவர்கள் ஷஹீதானார்கள். அவர்களுடைய சொத்து முழுவதையும் அவர்களின் சகோதரர் எடுத்துக்கொண்டார். அவர்களின் மனைவி இரண்டு பெண் குழந்தைகளோடு நபி (ஸல்) அவர்களிடம் வந்து முறையிட்டார்கள். வாரிசுரிமை வசனம் இறங்கியதும் நபி (ஸல்) அவர்கள் அச்சகோதரரை அழைத்து, மகள்களுக்கு மூன்றில் இரண்டும் மனைவிக்கு எட்டில் ஒன்றும் கொடுத்துவிட்டு, எஞ்சியதை மட்டும் எடுத்துக்கொள்ளுமாறு உத்தரவிட்டார்கள். திர்மிதி, அபூதாவூத் ஆகிய நூல்களில் இச்செய்தி பதிவாகியுள்ளது.

கவனியுங்கள். பங்கைக் கேட்டு வந்தவர் ஒரு பெண். அவர் தம் கொழுந்தனாருக்கு எதிராக முறையிட்டார். "குடும்ப விஷயத்தை வெளியே கொண்டுவரலாமா?" என்று நபி (ஸல்) அவர்கள் அவரைக் கடிந்துகொள்ளவில்லை. அழைத்துக் கேட்கப்பட்டவர், சொத்தை எடுத்துக்கொண்ட ஆண்தான்.

நம் நாட்டுச் சட்டமும் இவ்விஷயத்தில் நமக்குத் தடையாக நிற்கவில்லை. 1937ஆம் ஆண்டின் ஷரீஅத் சட்டம் விவசாய நிலத்தைத் தன் வரம்பிலிருந்து விலக்கி வைத்திருந்தது. சென்னை மாகாணம் 1949இல் திருத்தம் கொண்டுவந்து அந்த விலக்கை நீக்கியது. ஆகவே தமிழ்நாட்டில் வயலுக்கும் தோப்புக்கும் வீட்டுக்கும் ஒரே சட்டந்தான். நம் பெண்களுக்கு மார்க்கம் கொடுத்ததைச் சட்டமும் கொடுக்கிறது. கொடுக்க மறுப்பவர்கள் நாம்தாம்.

மறுப்பதற்கு நாம் சொல்லும் காரணங்கள்

"அவளுக்குத்தான் கல்யாணத்தில் எல்லாம் செய்துவிட்டோமே" என்பது முதல் காரணம். நகை போட்டோம், சீர் செய்தோம் என்பர். பெண்ணுக்கு வீடு கொடுக்கும் வழக்கமுள்ள கடற்கரை ஊர்களில் வீட்டையே கொடுத்தோம் என்பர். தந்தை உயிரோடிருக்கும்போது மகளுக்குக் கொடுத்தது அன்பளிப்பு. இறந்தபின் அவளுக்கு வந்து சேர்வது வாரிசுப் பங்கு. முன்னது பின்னதைக் கழிக்காது. மகனைப் படிக்க வைத்த செலவையும், அவருக்குக் கடை வைத்துக் கொடுத்த முதலையும், வெளிநாடு அனுப்ப விசாவுக்குக் கட்டிய பணத்தையும் எவரேனும் மகனின் பங்கிலிருந்து கழித்திருக்கிறோமா? பிள்ளைகளுக்குக் கொடுப்பதில் ஏற்றத்தாழ்வு இருந்தால், அதை வாழ்நாளிலேயே சரிசெய்திருக்க வேண்டும். நுஃமான் பின் பஷீர் (ரலி) அவர்களுக்கு அவர்களின் தந்தையார் தனியாக ஓர் அன்பளிப்புச் செய்துவிட்டு நபி (ஸல்) அவர்களைச் சாட்சியாக்க வந்தபோது, எல்லாப் பிள்ளைகளுக்கும் அவ்வாறே கொடுத்தீரா என்றுதான் நபியவர்கள் முதலில் கேட்டார்கள். இல்லை என்று அறிந்ததும், பிள்ளைகளிடையே நீதமாக நடக்குமாறு கட்டளையிட்டார்கள்.

"அவளே வேண்டாம் என்று சொல்லிவிட்டாள்" என்பது இரண்டாவது காரணம். தந்தை உயிரோடிருக்கும்போது மகள் 'வேண்டாம்' என்று சொல்வதற்குப் பொருளே இல்லை. அப்போது அவளுக்கு உரிமை பிறக்கவே இல்லை. இல்லாத உரிமையை எவ்வாறு விட்டுக்கொடுக்க முடியும்? தந்தை இறந்தபின் சொல்வது வேறு. ஆனால் அதை எங்கே, எப்படிக் கேட்கிறோம்? சகோதரர்கள் சுற்றி அமர்ந்திருக்க, பத்திர எழுத்தர் விடுதலைப் பத்திரத்தை விரித்து வைத்திருக்க, "கையெழுத்துப் போடம்மா, வண்டி காத்திருக்கிறது" என்று சொன்னால் எந்தச் சகோதரியால் மறுக்க முடியும்? மறுத்தால் பிறந்தகத்தின் வாசல் அடைபடும் என்பது அவளுக்குத் தெரியும். கணவரோடு ஏதேனும் பிணக்கு வந்தால் போய் நிற்க ஓர் இடம் வேண்டுமென்பதும் தெரியும். அந்த அச்சத்தில் இட்ட கையெழுத்து சார்பதிவாளரிடம் செல்லும். அல்லாஹ்விடம் செல்லுமா என்பதை நாம் நம்மையே கேட்டுக்கொள்ள வேண்டும்.

இதற்கு எளிய சோதனை ஒன்றுண்டு. முதலில் அவளுடைய பங்கை அவள் பெயரில் பதிந்து, பட்டாவை அவள் கையில் கொடுங்கள். ஓராண்டு கழியட்டும். அதன்பின் அவளாகவே முன்வந்து, "என் சகோதரனுக்கு இதைத் தருகிறேன்" என்றால் மனநிறைவோடு பெற்றுக்கொள்ளுங்கள். அப்படித் திருப்பித் தரமாட்டாள் என்று நமக்குத் தோன்றினால், முன்பு அவள் சொன்ன 'வேண்டாம்' உண்மையானதன்று என்பதும் நமக்குத் தெரிந்தே இருக்கிறது.

மூன்றாவது காரணம் சற்றுச் சிக்கலானது. அதில் நியாயமும் கலந்திருக்கிறது. "இந்த நிலம் நான் சவூதியில் இருபதாண்டு உழைத்து அனுப்பிய பணத்தில் வாங்கியது. அத்தா பெயரில் இருக்கிறது, அவ்வளவுதான்" என்று மூத்த மகன் சொல்கிறார். நம் ஊர்களில் இப்படிப்பட்ட நிலங்கள் ஏராளம். அனுப்பிய பணம் தந்தைக்கு அன்பளிப்பு என்றால், அந்நிலம் தந்தையின் சொத்து. எல்லா வாரிசுகளுக்கும் பங்குண்டு. கடன் என்றால், பங்கீட்டுக்கு முன் அக்கடன் மகனுக்குத் திருப்பித் தரப்பட வேண்டும். "எனக்காக வாங்குங்கள்" என்று சொல்லி அனுப்பியிருந்தால், அது மகனுடையது. மூன்றில் எது என்பதற்கு எழுத்தும் இல்லை, சாட்சியும் இல்லை. கேட்கலாமென்றால் தந்தையும் இல்லை. கொடுக்கல் வாங்கலை எழுதி வைக்குமாறு திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம் (2:282) நமக்குக் கட்டளையிட்டிருக்கிறது. தந்தைக்கும் மகனுக்கும் இடையில் எழுத்து எதற்கு என்று நாம் வெட்கப்பட்டோம். அந்த வெட்கமே பின்னாளில் வழக்காக வந்து நிற்கிறது.

எங்கள் வீட்டில் நடந்தது

பிறருக்குச் சொல்லும்போது நம் வீட்டை மறைத்துவிட்டுப் பேசுவது முறையன்று.

எங்கள் பாட்டனார் 3 ஏக்கர் நஞ்சையை விட்டு இறந்தார். பாட்டியார் அதற்கு முன்பே இறந்துவிட்டார். எங்கள் தந்தையாரும் அவருடைய தங்கையாரும் மட்டுமே வாரிசுகள். அந்தத் தங்கையாரை நாங்கள் மாமி என்றழைப்போம். கணக்கு மிக எளிது. தந்தையாருக்கு 2 ஏக்கர், மாமிக்கு 1 ஏக்கர். ஆனால் 3 ஏக்கரையும் தந்தையாரே பயிரிட்டார். ஒவ்வோர் அறுவடையிலும் மாமி வீட்டுக்கு இரண்டு மூட்டை நெல் போகும். அதை அவர் மகிழ்ச்சியோடு பெற்றுக்கொள்வார். எங்கள் வீட்டில் அதற்குத் 'தங்கச்சிக்குக் கொடுக்கிறது' என்று பெயர்.

நாம் மதரஸாவில் ஃபராயிள் படித்தபோது, ஒவ்வொரு மாணவரும் தம் வீட்டுச் சொத்தையே கணக்குப் போட்டு வருமாறு உஸ்தாத் அவர்கள் பணித்தார்கள். நாமும் போட்டோம். மாமி பெற்றுவந்த இரண்டு மூட்டை, அவருடைய சொந்த நிலத்தின் விளைச்சலில் ஒரு சிறு பகுதி என்பது அந்தத் தாளில் தெரிந்தது. விடுமுறையில் ஊருக்கு வந்தபோது அதைத் தந்தையாரிடம் காட்டினோம். தந்தையார் ஐவேளைத் தொழுகையைத் தவறவிடாதவர்; பிறர் காசுக்கு ஆசைப்படாதவர். தாளை வெகுநேரம் பார்த்துவிட்டு, "தங்கச்சி எப்ப கேட்டாலும் கொடுக்கலாம்" என்றார். மாமி கேட்கவே இல்லை. நாமும் மறுபடி பேசவில்லை. பேசாததற்குக் காரணம் மரியாதை என்று அப்போது நினைத்துக்கொண்டோம். அந்த நிலத்தின் வருவாயில்தான் நாம் படித்துக்கொண்டிருந்தோம் என்பதும் ஒரு காரணம்.

மாமி கண் அறுவைச் சிகிச்சைக்காகத் தம் வளையல்களை அடகு வைத்தார் என்பதை, அவர் மவ்த்தான பிறகே அறிந்தோம். எங்கள் தந்தையாரும் மறைந்தபின், அந்த 1 ஏக்கரை மாமியின் பிள்ளைகள் பெயருக்கு எழுதிக் கொடுத்தோம். பதிவு முடிந்து வெளியே வந்தபோது மாமியின் மகன் கேட்டார்: "மச்சான், இது அம்மா இருக்கும்போதே உங்களுக்குத் தெரியுமா?"

தெரியும் என்றுதான் சொல்ல வேண்டியிருந்தது. அவர் வேறெதுவும் கேட்கவில்லை. பத்திரத்தை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டார்.

மாமி வழக்குத் தொடுக்கவில்லை. அதனால் எங்கள் குடும்பம் ஒற்றுமையான குடும்பம் என்று ஊரில் பெயர் பெற்றது. அந்த ஒற்றுமைக்கான விலையை ஒரு பெண் தனியாகக் கொடுத்துக்கொண்டிருந்தார் என்பதுதான் உண்மை.

உயிலால் மாற்ற முடியாதது

இனி உயில் பற்றிப் பார்ப்போம். வஸிய்யத் என்பது மார்க்கம் வலியுறுத்தும் நற்செயல். வஸிய்யத் செய்வதற்குரிய பொருளை உடைய ஒரு முஸ்லிம், அதை எழுதி வைக்காமல் இரண்டு இரவுகளைக் கழிப்பது தகாது என்று நபி (ஸல்) அவர்கள் அறிவுறுத்தினார்கள். ஆனால் அதற்கு இரண்டு எல்லைகள் உண்டு.

முதலாவது, அளவு. ஸஅத் பின் அபீவக்காஸ் (ரலி) அவர்கள் நோயுற்றிருந்தபோது தம் சொத்தின் பெரும்பகுதியைத் தர்மம் செய்ய அனுமதி கேட்டார்கள். மூன்றில் ஒன்றுக்கு மட்டுமே நபி (ஸல்) அவர்கள் அனுமதித்தார்கள். அதுவும் அதிகமே என்றார்கள். வாரிசுகளைப் பிறரிடம் கையேந்த விடுவதைவிடத் தன்னிறைவோடு விட்டுச் செல்வதே சிறந்தது என்றும் விளக்கினார்கள்.

இரண்டாவது, ஆள். வாரிசுக்கு வஸிய்யத் இல்லை என்பது நபிமொழி. வாரிசுகளுள் ஒருவருக்கு உயில் எழுதினால், எழுதியவர் இறந்தபின் மற்ற வாரிசுகள் மனமொப்பி ஏற்றால்தான் அது செல்லும். நம் நீதிமன்றங்களும் முஸ்லிம்களின் உயில்களில் இவ்விரு எல்லைகளையும் பின்பற்றுகின்றன. ஆகவே, 'மகன்களுக்கு மட்டும்' என்று எழுதப்பட்ட உயிலைப் பெட்டியில் பூட்டி வைத்திருப்பவர்கள் பிள்ளைகளுக்கு விட்டுச் செல்வது சொத்தையன்று, வழக்கைத்தான். கையெழுத்து அவருடையதா, அப்போது சுயநினைவோடு இருந்தாரா, சாட்சிகள் யார் என்று கேட்டு, பெற்ற தந்தையின் இறுதி நாட்களைப் பிள்ளைகளே கூண்டில் ஏறி அலசும் நிலை அதனால் வருகிறது.

உயில் செல்லாது என்பதை அறிந்த சிலர் ஹிபாவின் பக்கம் திரும்புகிறார்கள். கொடுப்பவர் அறிவிக்க வேண்டும், பெறுபவர் ஏற்க வேண்டும், பொருள் பெறுபவரின் வசம் ஒப்படைக்கப்பட வேண்டும். இம்மூன்றும் இருந்தால் ஹிபா செல்லும், பதிவுகூடக் கட்டாயமில்லை. அந்த எளிமையே பிற்காலச் சண்டைக்கும் வழி திறக்கிறது. ஆந்திராவைச் சேர்ந்த ஒரு தந்தை 1968இல் தம் மகன்களுள் ஒருவருக்கு ஹிபா எழுதிக் கொடுத்துவிட்டு அதே ஆண்டில் இறந்தார். அது பதிவு செய்யப்படாததால் செல்லுமா செல்லாதா என்று மற்ற வாரிசுகளோடு எழுந்த வழக்கு, உச்ச நீதிமன்றம் வரை சென்றது. செல்லும் என்று இறுதித் தீர்ப்பு வந்த ஆண்டு 2011. ஒரு தாளின் கதி தெரிவதற்கு 43 ஆண்டுகள் பிடித்தன. அண்ணன் தம்பிகளின் பிள்ளைகள் பேரக்குழந்தைகளைக் காணும் காலம் அது.

வஸிய்யத்தை எங்கே பயன்படுத்த வேண்டுமோ அங்கே நாம் பயன்படுத்துவதில்லை என்பதையும் சொல்ல வேண்டும். தந்தை உயிரோடிருக்கும்போதே ஒரு மகன் இறந்துவிடுகிறார். மற்ற மகன்கள் இருப்பதால், இறந்தவரின் பிள்ளைகளுக்குப் பாட்டனார் சொத்தில் வாரிசுப் பங்கு வராது. அந்த அநாதைப் பேரப்பிள்ளைகள் வாரிசுகள் இல்லை என்பதாலேயே, மூன்றில் ஒன்றுக்குள் அவர்களுக்கு வஸிய்யத் எழுதலாம். எகிப்து நாடு 1946இல் இதைச் சட்டமாகவே ஆக்கியது. நம் நாட்டில் அப்படிச் சட்டமில்லை; பாட்டனாரின் மனசாட்சியே சட்டம். மகனுக்குச் செல்லாத உயிலை எழுதும் கை, பேரப்பிள்ளைகளுக்குச் செல்லக்கூடிய வஸிய்யத்தை எழுதத் தயங்குவது ஏன்?

தீர்ப்பு வந்தால் ஹலால் ஆகுமா?

உம்மு ஸலமா (ரலி) அவர்கள் அறிவிக்கும் செய்தி ஒன்று அபூதாவூதில் இடம்பெற்றுள்ளது. வாரிசுச் சொத்துத் தகராறு ஒன்றில் இருவர் நபி (ஸல்) அவர்களிடம் வந்தார்கள். இருவரிடமும் ஆதாரமில்லை. தாமும் ஒரு மனிதரே என்றும், ஒருவர் மற்றவரைவிட வாதத்திறன் மிக்கவராக இருந்து, அதைக் கேட்டுத் தாம் தீர்ப்பளித்துவிடக்கூடும் என்றும், அவ்வாறு சகோதரனின் உரிமை எவருக்கேனும் தீர்ப்பாகக் கிடைத்தால் அது நெருப்பின் ஒரு துண்டே என்றும் நபியவர்கள் எச்சரித்தார்கள். கேட்ட இருவரும் அழுதார்கள். "என் பங்கு என் சகோதரனுக்கே" என்று ஒவ்வொருவரும் சொன்னார்கள். அப்போதும் நபி (ஸல்) அவர்கள், யாரேனும் ஒருவர் விட்டுக்கொடுத்துப் போகட்டும் என்று விடவில்லை. நியாயத்தை நாடிப் பங்கிட்டுக்கொள்ளுங்கள், சீட்டுக் குலுக்கி முடிவு செய்யுங்கள், பின்னர் ஒருவரையொருவர் மன்னித்துக்கொள்ளுங்கள் என்று வழிகாட்டினார்கள். பங்கீடு முதலில், மன்னிப்பு அதன் பிறகு. நம் ஊர்ப் பஞ்சாயத்துகளிலோ பங்கீட்டைத் தள்ளிவிட்டு, மன்னிப்பை மட்டும் பெண்களிடம் கேட்கிறோம்.

நபியவர்களின் தீர்ப்பே ஹராமை ஹலாலாக்காது எனும்போது, உரிமையியல் நீதிமன்றத்தின் தீர்ப்பாணை எப்படி ஆக்கும்? பங்காளியை ஒதுக்கிவிட்டு 12 ஆண்டுகளுக்கு மேல் தனித்து அனுபவித்தேன் என்று வாதாடி ஒருவர் வென்றுவிடலாம். சகோதரி வழக்குச் செலவு தாங்காமல் பாதியில் நின்றுவிடலாம். பட்டாவில் ஒரே பெயர் நிலைத்துவிடலாம். ஒரு சாண் நிலத்தை அநியாயமாக எடுத்தவரின் கழுத்தில் ஏழு பூமிகள் மாலையாக்கப்படும் என்ற எச்சரிக்கைக்குக் கால வரையறைச் சட்டம் இல்லை.

அதேபோல், தம் பங்குக்காக நீதிமன்றம் செல்வதும் பாவமன்று. பேச்சும் நடுவரும் பலனளிக்காதபோது, உரிமையைப் பெற அதுவும் ஒரு வழி. ஆனால் நீண்ட வழி. முதல்நிலைத் தீர்ப்பாணை யாருக்கு எவ்வளவு பங்கு என்று மட்டும் சொல்லும். பிறகு ஆணையர் வந்து நிலத்தை அளக்க வேண்டும், இறுதித் தீர்ப்பாணை வர வேண்டும், இடையிடையே மேல்முறையீடுகள். இப்படிச் சுற்றி வந்து கிடைப்பதும், முதல் நாளில் மதரஸா மாணவர் போட்டுக் கொடுத்திருக்கக்கூடிய அதே கணக்குத்தான்.

நாம் செய்ய வேண்டியவை

முதலாவதாக, பங்கீட்டுக்கு ஒரு நாளைக் குறிக்க வேண்டும். மூன்றாம் நாள், நாற்பதாம் நாள் என்று எதற்கெல்லாமோ நாள் வைக்கும் நம்மிடம் பங்கீட்டுக்கு மட்டும் நாளில்லை. கணவரை இழந்த பெண்ணின் இத்தா 4 மாதம் 10 நாள். அது முடிவதற்குள் கணக்கைப் போட்டுவிடுவது என்று ஒவ்வொரு குடும்பமும் முடிவு செய்யலாம். மய்யித்தின் அடக்கச் செலவு, கடன்கள், மூன்றில் ஒன்றுக்குள் அமைந்த வஸிய்யத், அதன்பின் பங்கீடு என்பதே வரிசை. கடன்களின் பட்டியலில் மனைவிக்குக் கொடுக்கப்படாத மஹரும் உண்டு என்பதைப் பலர் மறந்துவிடுகிறோம்.

இரண்டாவதாக, சகோதரிகளைத் தனியாகக் கேளுங்கள். சகோதரர்கள் இல்லாத இடத்தில், அவர் நம்பும் ஒரு பெண்ணைக் கொண்டு கேளுங்கள். ஜமாஅத்தின் நடுவர் சபையில் ஆண்கள் மட்டும் அமர்ந்து, பெண்ணின் பங்கைப் பற்றி அவளுடைய கணவரிடம் பேசி முடிப்பது நீதமான முறையாகாது.

மூன்றாவதாக, நிலத்தைத் துண்டாட மனமில்லையென்றால் அதற்கும் வழியுண்டு. ஒரு வாரிசு தம் பங்குக்கு ஈடாகப் பணமோ வேறு பொருளோ பெற்று விலகிக்கொள்வதைத் 'தகாருஜ்' என்று ஃபிக்ஹு நூல்கள் விளக்குகின்றன. இன்றைய சந்தை மதிப்பில் கொடுக்க வேண்டும். தந்தை வாங்கிய காலத்து விலையைச் சொல்லி முடிப்பது ஏமாற்று.

நான்காவதாக, பேசி முடித்ததை எழுதிப் பதிவு செய்யுங்கள். வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்றிதழ் வாரிசுகளின் பெயரைச் சொல்லுமே தவிர, பங்கைத் தீர்மானிக்காது. குடும்பத்தாருக்கிடையிலான பாகப்பிரிவினை, தான செட்டில்மெண்ட், விடுதலைப் பத்திரங்களுக்குத் தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வைச் சலுகை உண்டு. வழக்கு ஏற்கெனவே நடந்துகொண்டிருந்தால், மக்கள் நீதிமன்றத்தையோ நீதிமன்றச் சமரச மையத்தையோ நாடலாம். மக்கள் நீதிமன்றத்தில் ஏற்படும் உடன்பாடு தீர்ப்பாணைக்கு நிகரானது. அதன்மீது மேல்முறையீடு இல்லை. கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும்.

ஐந்தாவது, நம்மைப் போன்ற ஆலிம்களுக்கு. இறந்தவர் வீட்டுக்கு துஆச் செய்யச் செல்கிறோம். அங்கு பரிமாறப்படும் உணவை உண்கிறோம். அந்த உணவு இன்னும் பிரிக்கப்படாத சொத்திலிருந்து வந்ததாக இருக்கலாம். வாரிசுகளுள் சிறு பிள்ளைகள் இருந்தால், அது அநாதைகளின் பொருளும்கூட. "பங்கு பிரித்துவிட்டீர்களா?" என்று ஒரு வார்த்தை கேட்க நமக்கு நா எழுவதில்லை. மாமியின் பங்கைத் தாளில் எழுதிக் காட்டிவிட்டு வாய் மூடிக்கொண்ட நாமும் அந்தக் கூட்டத்தில் ஒருவரே.

அடுத்த முறை நம் ஊரில் ஒரு சகோதரி சொத்துக்காக வழக்குத் தொடுத்தார் என்று கேள்விப்பட்டால், அவரைப் பற்றிப் பேசுவதற்கு முன் ஒரு கேள்வியைக் கேட்போம்: அவர் எத்தனை முறை வீட்டு வாசலில் நின்று கேட்டார்? அதற்கு விடை கிடைத்தபின், யாரிடம் சென்று பேச வேண்டும் என்பது நமக்கே விளங்கிவிடும்.

வல்ல அல்லாஹ், அவன் வகுத்த பங்குகளை உரியவர்களிடம் உரிய காலத்தில் ஒப்படைக்கும் உள்ளத்தை நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! நம் கையில் தங்கிவிட்ட பிறர் உரிமைகளை நாம் மவ்த்தாவதற்கு முன் திருப்பிக் கொடுக்கும் வாய்ப்பையும் தந்தருள்வானாக! ஆமீன்.